கிணற்றுக் கப்பியிலிருந்து மோட்டார்ப் பொறி வரை

மனிதன் ஆக்கிய எளிய பொறிகளை எண்ணுமிடத்து நெம்பு, ஆப்பு, திருகு என்பவற்றோடு கப்பியும் எண்ணப்படுவது மரபு. விளிம்பிலே பள்ளம் அமைந்த ஒரு சில்லு. அது சுழல்வதற்கு ஓர் அச்சு. பள்ளத்திலே கிடப்பதற்கு ஒரு கயிறு: இவ்வளவே அதன் உறுப்புக்கள். யாழ்ப்பாணத்துத் தோட்டக் கிணறுகளிலே நெம்பின் இனத்தைச் சேர்ந்த துலா ஆட்சி செலுத்திய காலத்தும், வீட்டுக் கிணறுகள் பலவற்றிலே கப்பி கிறீச்சிட்டுக்கொண்டுதான் இருந்தது. நாள்தோறும் காதில் விழும் ஒலிக்கு வரலாறு உண்டென எவரும் எண்ணுவதில்லை. ஆயினும் கைத்தொழில் யுகத்தின் வரலாற்றை ஒரே பொருளைப் பற்றிக்கொண்டு சொல்ல வேண்டுமாயின், அதற்குக் கப்பியைப்போல ஏற்றது பிறிதொன்று கிடைப்பது அரிது.

கப்பியின் வரலாற்றிலே இரு பகுதிகள் உள. முதற் பகுதியிலே அது சுமையைத் தூக்கிற்று. அக்காலத்தில் அதன்மேல் ஓடிய கயிற்றுக்கு இரு முனைகள் இருந்தன. ஒரு முனையிலே சுமை, மறுமுனையிலே மனிதன் அல்லது மாடு. இரண்டாம் பகுதியிலே கயிற்றின் இரு முனைகளும் ஒன்றாகப் பொருத்தப்பட்டு, முனையற்ற வார் ஆயின. இதனையே தொழிலாளர் பெல்ற் என்பர். அப்போது கப்பி தூக்குவதை விட்டு, ஓரிடத்தில் பிறந்த சுழற்சியை மற்றோரிடத்துக்குக் கொண்டுசெல்லும் தொழிலை மேற்கொண்டது. மோட்டார் வண்டியின் முன்மூடியைத் திறந்தால் காணப்படும் கப்பிகள் யாவும் இந்த இரண்டாம் பகுதிக்கு உரியன.

முதற் பகுதியின் தொடக்கம் எந்நாட்டில் என்பதைச் சுட்டிக்காட்டுதல் இயலாது. கி. மு. 9ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த அசீரியப் புடைப்புச் சிற்பம் ஒன்றிலே கயிறு ஓடும் கப்பி தெளிவாகச் செதுக்கப்பட்டிருக்கிறது. ஒற்றைக் கப்பி இழுக்கும் திசையை மாற்றுமேயன்றிச் சுமையைக் குறைக்காது. கிணற்றடியிலே நிற்பவன் மேல்நோக்கி இழுக்கவேண்டியதைக் கீழ்நோக்கி இழுக்கிறான். தன் உடற்பாரத்தையே துணைக்கொள்கிறான். கப்பிகளைக் கூட்டாக இணைத்தால் சுமையைப் பல கயிற்றுக் கூறுகள் பங்கிட்டுத் தாங்கும் என்பதைக் கண்டறிந்தவர்களே மெய்யான முன்னேற்றத்தை ஏற்படுத்தியவர்கள். நான்கு கூறுகள் தாங்குமாயின், உராய்வை நீக்கிக் கணக்கிட, சுமையின் நாலிலொரு பங்கு விசையே போதும். ஆனால் சுமை ஓரடி உயர்வதற்குக் கயிற்றை நாலடி இழுத்தாகவேண்டும். பொறி விசையைப் பெருக்கலாம்; வேலையைப் பெருக்கமாட்டாது.

சிசிலித் தீவின் சிரக்கூசு நகரிலே வாழ்ந்து கி. மு. 212இல் உரோமப் போர்வீரன் ஒருவனாற் கொல்லப்பட்ட ஆர்க்கிமிடீசு, ஆட்களும் பண்டமும் நிறைந்த மூன்று பாய்மரக் கப்பலொன்றைக் கூட்டுக் கப்பியின் உதவியாற் கரையில் இருந்தபடியே இழுத்துக் காட்டினார் எனப் புளூட்டாக் எழுதியுள்ளார். இக்கதையிலே மிகைப்படுத்தல் இருக்கலாம். அதன் அடிப்படை பிழையன்று. கி. மு. முதலாம் நூற்றாண்டிலே கட்டடக் கலை பற்றி நூலெழுதிய விற்றுறூவியசு, மூன்று கப்பிகளும் ஐந்து கப்பிகளும் கொண்ட பாரந்தூக்கிகளை அவற்றின் பெயர்களோடு விவரிக்கிறார். அலெக்சாந்திரியாவைச் சேர்ந்த ஹீரோன் கப்பியை ஐந்து எளிய பொறிகளுள் ஒன்றாக வகுத்தார். அவருடைய நூலின் கிரேக்க மூலம் முழுமையாகக் கிடைக்கவில்லை. அது அராபிய மொழிபெயர்ப்பினாலேயே உலகுக்கு எஞ்சியது.

இதன்பின் பல நூற்றாண்டுகள் கப்பி கோயில் கட்டுவோரிடமும் கப்பலோட்டுவோரிடமும் தங்கியிருந்தது. சிறப்பாகக் கப்பலிலே அது பெருகிற்று. பாய்களை ஏற்றவும் இறக்கவும் திருப்பவும், பீரங்கிகளை உள்ளிழுக்கவும் வெளித்தள்ளவும், நங்கூரத்தைக் கையாளவும் எல்லாவற்றுக்கும் கப்பியே. 18ஆம் நூற்றாண்டின் இறுதியிலே பிரித்தானியப் பெரும் போர்க்கப்பல் ஒன்றுக்கு ஏறத்தாழ 1,000 கப்பிகள் வேண்டியிருந்தன. அவை உப்புநீரிலும் வெயிலிலும் விரைவில் தேய்ந்துபோகும். ஆகவே 1800ஆம் ஆண்டளவிலே அக்கடற்படை ஆண்டொன்றுக்கு 1,00,000 கப்பிகளைக் கொள்வனவு செய்யவேண்டிய நிலையில் இருந்தது. இந்தத் தேவையே கப்பியின் வரலாற்றை அதன் இரண்டாம் பகுதிக்குத் தள்ளிற்று.

கப்பற் கப்பி தோற்றத்திலேதான் எளியது. எல்ம் மரத்தாலான கூடு, மேற்கிந்தியத் தீவுகளின் கடுமரத்தாலான சில்லு, சில்லின் நடுவே பதித்த வெண்கல உறை, யாவற்றையும் ஊடறுத்துச் செல்லும் இரும்பு ஊசி என நான்கு உறுப்புக்கள் அதற்கு உண்டு. கூட்டிலே துளையிட்டு, அத்துளையை உளியினாற் பிளவாக நீட்டி, சில்லு உராயாமற் சுழலும்படி செதுக்குவதற்குப் பல்லாண்டுப் பயிற்சி பெற்ற கை வேண்டும். சில்லு சிறிது கோணினாலும் கயிறு பிறழ்ந்து சிக்கிக்கொள்ளும். புயலின் நடுவே அவ்வாறு சிக்கினால் அது கப்பலையே இழப்பதற்குக் காரணமாகலாம். சவுதாம்ப்டன் நகரத்துக் குடும்பமொன்று குதிரையாலும் நீராலும் இயங்கும் வாட்களையும் கடைசற் பொறிகளையும் கொண்டு இத்தொழிலைத் திருத்திக் கடற்படைக்குப் பெரும்பகுதிக் கப்பிகளை வழங்கிவந்தது. ஆயினும் தொழிலின் முக்கிய பகுதி கைவினைஞனிடமே இருந்தது.

இவ்விடத்திலே ஓர் அகதி வருகிறார். மார்க் இசம்பாட் புருனெல் என்பவர் 1769இல் பிரான்சின் நோமண்டிப் பகுதியிலே பிறந்து, பிரெஞ்சுக் கடற்படையிலே பணியாற்றியவர். அரசபக்தராகிய அவர் புரட்சிக் காலத்திலே, 1793இல், அமெரிக்காவுக்குத் தப்பியோடினார். நியூயோர்க் நகரத்தின் தலைமைப் பொறியியலாளராக விளங்கினார். அங்கே ஒருநாள் விருந்திலே கப்பி செய்வதன் சிரமத்தைப் பற்றிய பேச்சு எழுந்ததென்றும், அதிலிருந்தே அவர் சிந்தனை பிறந்ததென்றும் கூறுவர். 1799இல் இங்கிலாந்துக்கு வந்து, 1801இல் தமது பொறிகளுக்கு உரிமைப் பத்திரம் பெற்றார். முதலிலே அவர் அணுகியது சவுதாம்ப்டன் குடும்பத்தையே. தங்கள் முறையைக் காட்டிலும் சிறந்த முறை இருக்க முடியாது என்பது அவர்கள் எண்ணம். மறுத்துவிட்டார்கள். சில ஆண்டுகளுள் கடற்படையின் ஒப்பந்தமும் அவர்களைவிட்டுப் போயிற்று.

புருனெலைக் கைதூக்கிவிட்டவர் கடற்படை வேலைகளின் தலைமைப் பரிசோதகரான சாமுவேல் பெந்தாம். தத்துவஞானி ஜெரமி பெந்தாமின் உடன்பிறந்தார். போட்ஸ்மத் துறைமுகத்திலே நீராவிப் பொறிகளை அவர் ஏற்கெனவே நிறுவியிருந்தார். பொறிகளை ஆக்கித் தந்தவர் ஹென்றி மோட்சிலி. நுண்ணிய உலோக வேலையிலே அக்காலத்தில் அவருக்கு நிகரானவர் அரியர். 1802இல் ஒப்புதல் கிடைத்தது. 1808அளவிலே 45 பொறிகளும் முழுமையாக இயங்கின. ஒன்று மரத்தை அறுக்கும், ஒன்று துளையிடும், ஒன்று பிளவை வெட்டும், ஒன்று கூட்டின் வெளிப்புறத்தை வளைவாகச் சீவும். ஒவ்வொரு பொறிக்கும் ஒரே வேலை. ஒன்றின் வேலை முடிந்த இடத்திலே அடுத்ததன் வேலை தொடங்கும். ஓரளவுக் கப்பிகள் யாவும் ஒரே வடிவாக வெளிவந்தன. 1808ஆம் ஆண்டிலே 1,30,000 கப்பிகள் அங்கே உற்பத்தியாயின. ஒரே பொருளைப் பெருந்தொகையாக ஆக்குவதற்கென உலோகப் பொறிகளை நிரைப்படுத்தி நிறுவிய முதற் பெருந் தொழிற்சாலை இதுவே என்பது பொறியியல் வரலாற்றாசிரியர் பலரின் கருத்து. திரவல்காருக்குப் புறப்பட்ட நாளாகிய 1805 செத்தெம்பர் 14ஆம் திகதி காலையிலே நெல்சன் கூட இதனைப் பார்வையிட்டுச் சென்றார்.

இத்தொழிற்சாலையின் வரலாற்றை எழுதியோர் யாவரும் அதன் பொறிகளைப் போற்றினர். அப்பொறிகளை எது இயக்கிற்று என்பதே ஈண்டு நோக்கத்தக்கது. நீராவிப் பொறியின் சுழற்சி மேலே கூரையோடு ஓடிய நெடுந் தண்டுகளுக்குச் சென்று, அத்தண்டுகளிலே பொருத்திய கப்பிகளிலிருந்து தோல்வார்களின் வழியே கீழே நின்ற ஒவ்வொரு பொறிக்கும் இறங்கியது. அஃதாவது, அங்கே செய்யப்பட்டதும் கப்பி, செய்வித்ததும் கப்பி. கீழே மேசையிலே பிறந்துகொண்டிருந்தவை ஆயிரமாண்டுப் பழைமையுடைய தூக்குங் கப்பிகள். மேலே சுழன்றுகொண்டிருந்தவை வரவிருந்த நூற்றாண்டை ஆளப்போகும் செலுத்துங் கப்பிகள். கப்பியின் இரு காலங்களும் ஒரே கூரையின்கீழ்ச் சந்தித்த இடம் போட்ஸ்மத்.

இச்சந்திப்பின் விலையை யார் கொடுத்தார்கள்? முன்னர் 110 கைதேர்ந்த வினைஞர் செய்த வேலையைப் பயிற்சியில்லாத 10 பேர் செய்தனர் என்பது அத்தொழிற்சாலையைப் பற்றி எல்லா நூல்களும் பெருமையோடு தரும் கணக்கு. எஞ்சிய 100 பேரின் கதையை அந்நூல்கள் அவ்வளவு விரிவாகத் தரவில்லை. பல்லாண்டு பழகிய கையின் அறிவு பொறியின் வெட்டலகுக்குள்ளே புகுந்துவிட்டது. அக்கைக்கு உரியவன் வெளியிலே நின்றான். புருனெலும் பெருஞ்செல்வராகிவிடவில்லை. ஓராண்டுச் சேமிப்புக்கு ஈடாக ஏறத்தாழ 17,000 பவுண் அவருக்கு நீண்ட தாமதத்தின்பின் வழங்கப்பட்டது. பிற முயற்சிகளிலே நட்டமடைந்து 1821இல் கடனுக்காகச் சிறைசென்றார். அரசாங்கம் 5,000 பவுண் அளித்த பின்னரே வெளிவந்தார். அப்பொறிகளோ அவரைக் காட்டிலும் நெடுங்காலம் வாழ்ந்தன. பாய்க்கப்பல் மறைந்து நீராவிக் கப்பலும் மறையத் தொடங்கிய 1960கள் வரை அவற்றிற் சில போட்ஸ்மத்திலே கப்பி செய்துகொண்டிருந்தன. சில இலண்டன் விஞ்ஞான நூதனசாலையிற் சேர்ந்தன.

போட்ஸ்மத்திலே காணப்பட்ட நெடுந்தண்டும் வாரும் 19ஆம் நூற்றாண்டிலே உலகெங்கும் பரவின. வாரினாற் சுழற்சியைக் கடத்தும் முறை எளிது. ஆனால் அதனுள் நுட்பங்கள் பல உள. சிறிய கப்பி பெரிய கப்பியினும் விரைவாகச் சுழலும். ஒன்றின் விட்டம் மற்றையதன் பாதியாயின் அதன் வேகம் இருமடங்கு. ஆகவே, ஒரே தண்டிலிருந்து ஒரு பொறியை மெதுவாகவும் மற்றொன்றை விரைவாகவும் இயக்கலாம். வாரை எட்டு எனும் இலக்க வடிவாகக் குறுக்கே முறுக்கிப் பூட்டினால் சுழலும் திசை மாறும். வார் கப்பியைப் பற்றுவது உராய்வினாலேயாம். இழுபடும் பக்கம் விறைப்பாகவும் திரும்பும் பக்கம் தளர்வாகவும் இருக்கும். அவ்விறைப்புக்களின் வேறுபாடே வலுவைக் கடத்துகிறது. வார் கப்பியைச் சுற்றித் தழுவும் கோணம் கூடக்கூட அதன் பற்று மிக விரைவாக ஏறும் என்பதைக் கணிதமேதை ஒயிலர் 18ஆம் நூற்றாண்டிலேயே நிறுவியிருந்தார்.

இவற்றுள்ளே வியப்புக்குரியது ஒன்றுண்டு. தட்டையான வார் கப்பியிலிருந்து வழுவி விழாதிருக்க என்ன செய்வது? இருபக்கமும் விளிம்பு வைக்கலாம் என்றே எவருக்கும் முதலில் தோன்றும். அனுபவம் கற்பித்ததோ மாறானது. கப்பியின் நடுப்பகுதியைச் சிறிது மேடாக்கிவிட்டால் போதும். வார் தானாகவே மேட்டை நோக்கி ஏறி நடுவிலே நிலைக்கும். பள்ளத்தை நாடுவதே பொருளின் இயல்பென எண்ணுபவனுக்கு இது புதிராகத் தோன்றும். சரிவின்மேற் கிடக்கும் வார் மேட்டுப்பக்கமாகச் சற்றே வளைந்து, அடுத்த சுற்றிலே இன்னும் உயர்ந்த இடத்திற் படிகிறது. இருபுறச் சரிவுகளும் நடுவிலே சந்திப்பதனால் அங்கேயே நின்றுவிடுகிறது.

வேறொரு நுட்பம் தளர்கப்பி. பிரதான தண்டு ஓயாது சுழன்றுகொண்டிருக்கத் தனியொரு பொறியை மட்டும் நிறுத்துவதற்காகப் பொறியின் அச்சிலே இரு கப்பிகளை அருகருகே வைத்தனர். ஒன்று அச்சோடு பிணைக்கப்பட்டது. மற்றையது அச்சின்மேல் வெறுமனே சுழல்வது. தொழிலாளி ஒரு கோலினால் வாரைப் பிணைகப்பிக்குத் தள்ளினால் பொறி இயங்கும். தளர்கப்பிக்குத் தள்ளினால் நிற்கும். இந்த எளிய உபாயம் பிற்காலத்தில் எங்கே சென்றடைந்தது என்பதைப் பின்னர்க் காணலாம்.

இங்கிலாந்தின் பஞ்சாலைகள் நெடுங்காலம் பிரதான வலுவைப் பற்சில்லுகளாலும் இரும்புத் தண்டுகளாலுமே கடத்தின. செப்பமான பற்சில்லு வார்ப்பதற்கு அமெரிக்காவிலே வசதி குறைவு. குறைபாடே அங்கே புதுமைக்கு வழிகாட்டிற்று. மசச்சூசெற்சு மாநிலத்தின் லோவெல் நகரிலே போல் மூடி என்பவர் 1828இல் புதிய ஆலையொன்றின் பிரதான வலுவையே அகன்ற தோல்வார்களினாற் கடத்தினார். பற்சில்லின் பேரிரைச்சலும் அதிர்வும் குறைந்தன. இலங்கை மலைநாட்டின் பழைய தேயிலைத் தொழிற்சாலைகளிலும் இம்முறையே வழங்கிற்று. ஒரு நீர்ச்சில்லோ எண்ணெய்ப் பொறியோ சுழற்ற, கூரையோடு ஓடிய தண்டிலிருந்து இறங்கிய வார்கள் கொழுந்து உருட்டும் பொறிகளை இயக்கின.

தொழிற்சாலையின் கட்டடத்தைக்கூடக் கப்பியே வகுத்தது. தண்டு நீளநீள அது முறுகும், உராய்வும் ஏறும். ஆகவே பொறிகளை மூலப்பொறிக்கு அண்மையிலே நெருக்கமாக வைக்கவேண்டும். பழைய பஞ்சாலைகள் மாடிமேல் மாடியாக எழுந்ததற்கு நிலத்தின் விலை மாத்திரம் காரணமன்று. மூலப்பொறி நின்றால் ஆலை முழுவதும் நிற்கும். ஒரு பொறியை மாத்திரம் இயக்க விரும்பினாலும் எல்லாத் தண்டுகளையும் சுழற்றவேண்டும்.

இவையெல்லாம் முதலாளியின் நட்டங்கள். தொழிலாளியின் நட்டம் வேறு. ஓடும் வாரிலே சேலையோ சட்டையோ கூந்தலோ ஒருமுறை சிக்கினால், நிமிடத்துக்கு நூறு முறைக்கு மேலாகச் சுழலும் தண்டு ஆளையே மேலே இழுத்துக்கொள்ளும். கூரைக்கும் தண்டுக்கும் இடையே அகப்பட்டவரின் நிலையை விவரித்தல் வேண்டா. அகப்பட்டவருட் சிறுவரும் பலர். 1844ஆம் ஆண்டின் பிரித்தானியத் தொழிற்சாலைச் சட்டம் தண்டுகளையும் கப்பிகளையும் வேலியிட்டு மறைக்கவேண்டுமென விதித்தது. இயங்கும் பொறியைச் சிறுவர் துடைத்தலையும் தடுத்தது. நிலத்திலிருந்து 7 அடிக்கு மேலே ஓடும் தண்டுக்கும் வேலி வேண்டுமோ என்பதிலே பெரும் வழக்கு எழுந்தது. எட்டாத உயரத்திலுள்ளது எவருக்கும் தீங்கு செய்யாது என்றனர் ஆலை முதலாளிகள். தண்டிலே எண்ணெயிடவும் அறுந்த வாரை ஏற்றவும் மேலே ஏறுபவன் மனிதனே என்பதை அவர்கள் கணக்கிலே சேர்க்கவில்லை. 1855இல் அவர்கள் ஒரு சங்கம் அமைத்தனர். சார்ல்ஸ் டிக்கன்ஸ் நடாத்திய வாரப் பத்திரிகையிலே ஹென்றி மோர்லி ஆலை விபத்துக்களைப் பற்றிக் கடுமையாக எழுதினார். ஹரியற் மாட்டினோ அம்மையார் முதலாளிகளின் பக்கம் நின்று மறுப்பு எழுதினார். ஏழைகளுக்குப் பொருளியல் கற்பிக்கக் கதை எழுதிய அவ்வம்மையார் இவ்வழக்கிலே எடுத்த பக்கம் வருந்தத்தக்கது. 1856ஆம் ஆண்டின் சட்டம் வேலியிடும் கடமையைத் தளர்த்திவிட்டது. வென்றவர் முதலாளிகளே.

சட்டம் செய்யத் தவறியதை ஓரளவிற்கு மின்சாரம் செய்தது. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலே ஒவ்வொரு பொறிக்கும் தனித்தனி மின்மோட்டர் பொருத்தும் வழக்கம் பரவிற்று. அமெரிக்கத் தொழிற்சாலைகளின் இயக்கு வலுவிலே மின்மோட்டரின் பங்கு 1900ஆம் ஆண்டளவில் 100க்கு 5க்கும் குறைவு. 1929இலோ முக்காற் பங்கையும் கடந்துவிட்டது. நெடுந்தண்டுகள் கழற்றப்பட்டன. வார்கள் மறைந்தன. கூரை வெளிச்சமாயிற்று, ஆலைகள் மாடிகளை விட்டு ஒரே தளத்திலே பரந்தன.

ஆனால் தொழிற்சாலையைவிட்டு வெளியேறிய நெடுந்தண்டு முற்றாக ஒழிந்துவிடவில்லை. அது சிறுத்து, மோட்டார் வண்டியின் முன்மூடிக்குள்ளே புகுந்துகொண்டது. 1886ஆம் ஆண்டு சனவரி 29ஆம் திகதி உரிமைப் பத்திரத்துக்கு விண்ணப்பிக்கப்பட்ட கார்ல் பென்சின் முச்சில்லு வண்டியை நோக்கினால் இவ்வுறவு விளங்கும். முக்காற் பரிவலுவளவே கொண்ட அதன் ஒற்றை உருளைப் பொறியிலிருந்து ஒரு தோல்வார் இடைத்தண்டுக்குச் சென்றது. இடைத்தண்டிலிருந்து சங்கிலிகள் பின்சில்லுகளுக்குச் சென்றன. வண்டியை ஓட்டவும் நிறுத்தவும் சாரதி ஒரு நெம்பினால் வாரைத் தளர்கப்பியிலிருந்து பிணைகப்பிக்கும், பிணைகப்பியிலிருந்து தளர்கப்பிக்கும் தள்ளினார். ஆலைத் தொழிலாளி கோலினாற் செய்ததை அப்படியே வண்டியோட்டி நெம்பினாற் செய்தார். முதல் மோட்டார் வண்டி உருளும் பட்டறை எனலாம்.

பின்னர் வண்டியின் சில்லுகளை இயக்கும் வேலை பற்சில்லுகளுக்குச் சென்றது. கப்பிக்கு எஞ்சியது பொறியின் துணைக்கருவிகளை இயக்கும் வேலை. போர்ட் நிறுவனத்தின் புகழ்பெற்ற T வகை வண்டியிலே ஒரு தட்டை வார் காற்றாடியை மாத்திரமே சுழற்றியது. அன்று அது அறுந்தால் நீர் கொதிப்பதோடு தீங்கு முடிந்துவிடும். காலஞ் செல்லச்செல்லப் பொறியின் பிரதான தண்டின் முனையிலுள்ள கப்பியிலே வேலைகள் ஒவ்வொன்றாக ஏறின: நீர்ப்பம்பி, தைனமோ, அதன்பின் அதற்குப் பதிலாக வந்த ஆடலோட்ட மின்பிறப்பாக்கி, சுக்கானை இலகுவாகத் திருப்பும் எண்ணெய்ப் பம்பி, குளிரூட்டும் கருவியின் அமுக்கி. மின்பிறப்பாக்கியின் கப்பி சிறிது, பிரதான கப்பி பெரிது. ஆதலால் முன்னது பின்னதிலும் இருமடங்கு மும்மடங்கு வேகத்தோடு சுழன்று, வண்டி நின்றபடி பொறி மெதுவாக ஓடும்போதும் பற்றறிக்கு மின்னூட்டுகிறது. ஓடும் வண்டியிலே மின்னூட்டத்தைக் காட்டும் சிவப்பு விளக்கு எரிந்து, உடனே நீரின் வெப்பமும் ஏறுமாயின், அனுபவமுள்ள சாரதி இரு நோய்களைத் தேடமாட்டான். அறுந்த வார் ஒன்றையே தேடுவான்.

இவ்வளவு வேலையைத் தட்டைத் தோல்வார் தாங்காது. 1917இல் அமெரிக்காவின் டென்வர் நகரிலே ஜோன் கேற்ஸ் என்பவர் இறப்பரும் நூலும் சேர்ந்த ஆப்புவடிவ வாரை ஆக்கினார். ஆங்கில V எழுத்தின் வடிவமைந்த பள்ளத்திலே அவ்வார் ஓடும். அது பள்ளத்தின் அடியைத் தொடுவதில்லை. இருபக்கச் சுவர்களின் நடுவே ஆப்பு இறுகுவதுபோல இறுகிப் பற்றுகிறது. இழுவை கூடும்போது பிடியும் கூடும். ஹீரோன் தனித்தனியே எண்ணிய ஆப்பும் கப்பியும் இங்கே ஒன்றாயின. 1970களின் இறுதியிலிருந்து பல ஆப்புவார்களுக்குப் பதிலாக, பாம்புபோல வளைந்து எல்லாக் கப்பிகளையும் சுற்றும் ஒரே நீண்ட வார் வழக்குக்கு வந்தது. தானாகவே அதனை இறுக்கிவைக்க வில்லு பொருத்திய ஒரு கப்பி உண்டு. வார் தளர்ந்தால் வழுக்கிக் கீச்சிடும்; அளவுக்கு மிஞ்சி இறுகினால் கருவிகளின் தாங்கிகள் தேய்ந்துபோகும். ஆகவே இறுக்கத்தின் அளவு அறிதல் பழுதுபார்ப்பவனின் திறமையாக இருந்தது. வில்லுக் கப்பி அத்திறமையையும் தனதாக்கிக்கொண்டது. போட்ஸ்மத்திலே நடந்ததே சிற்றளவில் இங்கும் நடந்தது.

வழுக்குதலே கூடாத இடம் ஒன்று பொறியிலே உண்டு. வாயில்களைத் திறந்து மூடும் தண்டு பிரதான தண்டின் சரிபாதி வேகத்திலே, ஒரு பாகைகூடப் பிசகாமற் சுழலவேண்டும். 1962இல் ஜேர்மனியின் கிளாஸ் நிறுவனம் இதற்குச் சங்கிலியை விடுத்து இறப்பர்ப் பல்வாரைப் பயன்படுத்திய வண்டியை விற்பனைக்குக் கொண்டுவந்தது. மேற்கப்பிக்குக் கீழ்க்கப்பியினும் இருமடங்கு பற்கள். ஓசையில்லை, எண்ணெய் வேண்டுவதில்லை. ஆயின் இவ்வார் அறுந்தால், சில பொறிகளிலே திறந்தபடி நின்ற வாயிலை ஆடுதண்டு வந்து மோதிப் பொறியையே நொறுக்கிவிடும். குறித்த மைல் ஓடியவுடன், அறாத வாரையும் கழற்றிப் புதிது பூட்டும்படி உற்பத்தியாளர் வற்புறுத்துவது இக்காரணத்தினாலேயே. சிக்கனம் பார்த்து இதனைப் பின்போடுவோர் பலர்.

ஒல்லாந்திலே 1958இல் காட்சிக்கு வைக்கப்பட்ட டவ் வண்டி வேறொரு வழியிலே சென்றது. அதன் கப்பி இரு கூம்புகளாகப் பிளந்தது. கூம்புகள் நெருங்கினால் வார் விளிம்பை நோக்கி ஏறும். விலகினால் நடுவை நோக்கி இறங்கும். அஃதாவது கப்பியின் விட்டமே ஓட்டத்தின்போது மாறுகிறது. பற்சில்லு மாற்றும் வேலை சாரதிக்கு இல்லாது போயிற்று. இக்கருத்து பிற்காலத்திலே உலோக வாரோடு யப்பானிய வண்டிகள் பலவற்றிலே நிலைபெற்றது.

தொழிற்சாலைக் கூரையிலிருந்து தண்டுகளை இறக்கிய மின்மோட்டர் இப்போது வண்டியின் முன்மூடிக்குள்ளும் வந்துவிட்டது. 2009ஆம் ஆண்டின் ரொயோற்றா பிரியஸ் வண்டியிலே நீர்ப்பம்பிக்கும் குளிரூட்டும் கருவிக்கும் தனித்தனி மோட்டர்கள் வைக்கப்பட்டன. துணைக்கருவி வார் அதிலே இல்லை. பற்றறியினால் மட்டும் ஓடும் வண்டிகளிலே சுழற்றுவதற்குப் பொறித் தண்டே கிடையாது. ஆலையிலே நிகழ்ந்தது ஏறத்தாழ எண்பதாண்டு கழித்து வண்டியிலும் நிகழ்கிறது.

இரு வகைக் கப்பியும் பிரிக்கமுடியாதபடி ஒன்றாகக் கலந்த பொறி ஒன்று மட்டும் மின்சாரத்தினால் அழியாது, மின்சாரத்தினாலேயே வளர்ந்தது. அது உயர்ந்த கட்டடங்களின் மின்னுயர்த்தி. அதன் உச்சியிலே பள்ளம் வெட்டிய கப்பியொன்றை மின்மோட்டர் சுழற்றுகிறது. கப்பியின்மேல் உருக்குக் கயிறுகள் வெறுமனே கிடக்கின்றன. ஒரு முனையிலே ஆட்கள் நிற்கும் கூண்டு, மறுமுனையிலே எதிர்ப்பாரம். தூக்குவது கிணற்றுக் கப்பியின் முறை. கயிற்றை இழுப்பது ஆலைக் கப்பியின் உராய்வு. கூண்டின் முழுப்பாரமும் நூற்றுக்கணக்கான அடி உயரத்திலே அந்த உராய்வை நம்பியே தொங்குகிறது.